கருங்காலியின் வலது கால்

போன மாதம் என் மைத்துனர் ஒரு கருங்காலி மாலை வாங்கிவந்தார். இப்போது அருப்புக்கோட்டையில் பாதிக் கழுத்துகளில் அது தொங்குகிறது. போட்டால் தொழில் பெருகுமாம், எதிரி ஒழிவானாம். "கழுத்தக் காட்டுங்க மச்சான்" என்று அவர் நெருங்கியதும் நான் வலது காலை நாற்காலிக்கு அடியில் இழுத்துக்கொண்டேன். கழுத்துக்கு மாலை வந்தால் இந்த ஆள் காலை ஏன் ஒளிக்கிறான் என்று அவர் விழித்தார். ஐம்பதை நெருங்குகிற ஆம்பளை, குனிந்து பார்த்து, காலில் கறுப்பு எதுவும் இல்லை என்று உறுதிசெய்துகொண்ட பிறகுதான் கழுத்தை நீட்டினேன். காரணத்தை அவரிடம் சொல்லவில்லை. இங்கே சொல்கிறேன்.

எனக்கு அப்போது எட்டு வயது. அப்பாவும் சித்தப்பாவும் திருச்சுழி ரோட்டை ஒட்டிய ஒரு சாயப்பட்டறையில் நூலுக்குச் சாயம் ஏற்றும் வேலை பார்த்தார்கள். அந்தக் கோடையில் நூல் விலை ஏறிப்போய்ப் பாதித் தறிகள் நின்றுவிட்டன. பட்டறைக்கு வரும் நூலும் குறைந்தது. நெருக்கடி என்று சொல்லி முதலாளி கூலியில் கால்வாசியைக் குறைத்தார். நெருக்கடி என்றால் மதுரை பஸ்ஸில் நிற்பது என்றுதான் எனக்குத் தெரியும். அதற்கும் அப்பாவின் கூலிக்கும் என்ன சம்பந்தம் என்று விளங்கவில்லை. பட்டறைத் தொழிலாளர்கள் அத்தனை பேரும் வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். அப்பாதான் சங்கத்தின் செயலாளர்.

சாயக்காரர்களின் கை மணிக்கட்டுக்கு மேல்வரை எப்போதும் கறுத்திருக்கும். எந்தச் சோப்புக்கும் மசியாது. வேலைநிறுத்தம் தொடங்கிப் பத்து நாளானதும் அந்தக் கைகள் வெளுக்கத் தொடங்கின. எங்கள் வீட்டில் அதுதான் நாள்காட்டி. அம்மா அப்பாவின் கையைப் பிடித்துப் பார்த்து, "கல்யாணத்தன்னிக்குக்கூட இம்புட்டு வெள்ளையா இல்ல" என்பாள். அப்பா சிரிக்கமாட்டார். சங்கச் செயலாளர் சிரித்தால் முதலாளிக்குத் தகவல் போய்விடும் என்பது போல வாயை இறுக்கி வைத்திருந்தார்.

சங்கக் கொட்டகையில் கஞ்சித்தொட்டி திறந்திருந்தார்கள். பரளச்சிப் பக்கத்துச் சொந்தக்காரர்கள் அனுப்பிய கம்பில் கஞ்சி. மத்தியானமானால் எல்லா வீட்டுப் பிள்ளைகளும் தட்டோடு ஆஜர். ஒரு நாள் நாங்கள் குடித்துக்கொண்டிருந்தபோது, சங்கத்தில் கோஷம் போடுகிற கட்டைக்குரல் மாமா எழுந்து முழங்கினார். "நமக்குள்ளயே ஒரு கருங்காலி இருக்கான். எவன்னு மட்டும் தெரியட்டும், செருப்பு மாலை போட்டுக் கழுதையில ஏத்துறேன்!"

வேலைநிறுத்தத்தின்போது ரகசியமாக வேலைக்குப் போகிறவனுக்கு அந்தப் பெயர் என்று எனக்கு யார் சொன்னார்கள்? கருங்காலி என்றால் கறுத்த கால் உள்ளவன், அவ்வளவுதான். கஞ்சி ஆறும்வரை கொட்டகையில் இருந்த கால்களை எல்லாம் நோட்டம் விட்டேன். எங்கள் ஊர் வெயிலுக்கு எல்லாமே சந்தேகத்துக்கு இடமான கால்களாகத்தான் இருந்தன.

மறுநாள் காலையில் நாங்கள் விளையாடிய ரப்பர் பந்து பூட்டிக் கிடந்த பட்டறையின் பின்சுவரைத் தாண்டி விழுந்தது. நான் ஏறிக் குதித்தேன். வலது கால் முழங்கால்வரை சாயத்தண்ணி வடிகிற குழிக்குள் இறங்கியது. இரண்டு வாரமாக வேலை நடக்காத பட்டறை. எங்கள் வெயிலில் அந்தக் குழி காய்ந்து பாளம் பாளமாக வெடித்துக் கிடந்திருக்க வேண்டும். அதில் சேறும் சாயமும் எப்படி வந்தன என்று யோசிக்க எனக்கு நேரமில்லை. பந்து கிடைத்த சந்தோஷத்தில் வெளியே வந்தேன். காலில் ஏதோ பச்சையாக ஒட்டியிருந்தது. காற்றுப் படப்பட அது கறுத்தது. நான் பார்த்துக்கொண்டிருக்கும்போதே, பாதத்திலிருந்து முழங்கால்வரை, நான் கருங்காலி ஆகிக்கொண்டிருந்தேன்.

செங்கல்தூள், மண்ணெண்ணெய், அம்மா ஊறுகாய்க்கு வைத்திருந்த எலுமிச்சை. எதற்கும் அது அசையவில்லை. அழுகிய முட்டை வாடை வேறு. கடைசியில், போன வருடம் பள்ளிக்கூட அணிவகுப்புக்கு வாங்கிய சாக்ஸ் ஒன்றைத் தேடியெடுத்து முழங்கால்வரை இழுத்து மாட்டிக்கொண்டேன். ஜோடியில் மற்றது எலிக்குப் போயிருந்தது.

"என்னலே ஒத்தக் கால்ல மட்டும்?" என்றாள் அம்மா.

"குளிருதும்மா" என்றேன். அது சித்திரை மாதம்.

கொட்டகைக்குப் போகாமல் இருந்திருக்கலாம். ஆனால் பயத்தைவிடப் பசி ஒரு படி கூட. தட்டைத் தூக்கிக்கொண்டு போய் உட்கார்ந்த நேரம், கட்டைக்குரல் மாமா ஆரம்பித்தார்.

"நேத்து நாலு மூட்டை கறுப்பு நூல் பஸ்ஸுல ஏறிருக்கு. பழைய சரக்குன்னு நெனைக்காதீக, இன்னும் ஈரம் காயல. எல்லாரும் வரிசையா நின்னு கைய நீட்டுங்க. எவன் கை வெளுக்கலையோ அவன்தான்."

கைகள் நீண்டன. அப்பாதான் முதலில் நீட்டினார். மாமா ஒவ்வொரு கையாகப் புரட்டிப் பார்த்துக்கொண்டு வந்தார். வரிசையின் கடைசியில் சித்தப்பா, இரண்டு கையையும் துண்டுக்குள் சுருட்டி வைத்துக்கொண்டு நின்றார். சித்தி மதுரையில் ஆஸ்பத்திரியில் இருந்தாள். குறைமாதத்தில் பிறந்த பிள்ளையைக் கண்ணாடிப் பெட்டியில் வைத்திருந்தார்கள். அந்தக் கவலையில் அவருக்கும் என்னைப் போலக் குளிர் வந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டேன்.

கைக்கு அடுத்தது கால்தானே! சித்தப்பாவுக்கு முன்னால் இன்னும் மூன்று பேர். என்னால் தாங்க முடியவில்லை. தட்டைப் போட்டுவிட்டு ஓடிப்போய் மாமாவின் முன்னால் நின்று சாக்ஸை உருவினேன்.

"மாமா, நான்தான் கருங்காலி. கழுதையில வேணா ஏறிக்கிறேன், செருப்பு மாலை மட்டும் வேண்டாம்" என்று சொல்லி ஓவென்று அழுதேன்.

கொட்டகை வெடித்துச் சிரித்தது. இரண்டு வாரமாகக் கஞ்சியைத் தவிர எதையும் காணாத ஆட்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். அப்பா மட்டும் சிரிக்கவில்லை. குந்தி உட்கார்ந்து என் காலைத் தொட்டார், விரலை முகர்ந்தார். தலையைத் தூக்கி வரிசையின் கடைசிவரை பார்த்தார். கொஞ்ச நேரம் அங்கேயே பார்த்தார். பிறகு, அந்தக் கோடையிலேயே முதல்முறையாக, பெரிதாகச் சிரித்தார்.

"தார் டின்னுக்குள்ள கால விட்டுருக்கான், மூதேவி! அந்தப் பக்கம் ரோடு போடுறாகல்ல."

"தாரா?" என்றார் மாமா. "வாடை வேற மாதிரியில்ல இருக்கு?"

"கஞ்சி அடிப்பிடிச்ச வாடை. வந்து உக்காருங்கய்யா, ஆறிப்போகுது."

மாமா அப்பாவைப் பார்த்தார். அப்பா கரண்டியை எடுத்தார். சிரித்து ஓய்ந்தவர்கள் அப்படியே உட்கார்ந்துவிட்டார்கள். மிச்சமிருந்த கைகளை யாரும் பார்க்கவில்லை. பொய் சொன்னால் தோலை உரிக்கிற அப்பா, சங்கத்தின் முன்னால் எனக்காகப் பொய் சொல்லிவிட்டாரே என்று எனக்கு நெஞ்சு நிறைந்துவிட்டது. அந்தப் பெருமையில் பல வருடம் ஓட்டினேன்.

மறுநாள் அப்பா சங்கத்தில் ஒரு உண்டியல் வைத்தார். ஆஸ்பத்திரிச் செலவுக்கு என்றார்கள். என் காலுக்குத்தான், அவ்வளவு பெரிய நோய் போலிருக்கிறது என்று எண்ணி, ஒரு நாள் முழுக்க நொண்டி நடந்தேன். இன்னும் பத்து நாளில் வேலைநிறுத்தம் முடிந்தது. குறைத்த கூலியில் பாதி திரும்ப வந்தது. ஜெயித்தோம் என்று மாமா முழங்கினார். பாதி ஜெயித்தோம் என்றார் அப்பா.

ஆனால் எனக்கு மறக்காதது அந்தக் கைநீட்டிய நாளின் சாயங்காலம். சித்தப்பா எங்கள் வீட்டுக்கு வந்தார். அப்பா ஒன்றும் கேட்காமல் உள்ளங்கையை நீட்டினார். சித்தப்பா இடுப்பிலிருந்து ஒரு சாவியை எடுத்து அதில் வைத்தார். "அண்ணே..." என்று ஆரம்பித்தார்.

"போய் அந்தப் பய காலக் கழுவிவிடு" என்றார் அப்பா.

சித்தப்பா என்னைக் குழாயடியில் உட்காரவைத்து, மணலும் சீயக்காயும் போட்டு வெகுநேரம் தேய்த்தார். என் காலைவிட்டு நிமிர்ந்து பார்க்காமலே தேய்த்தார். மூக்கை இரண்டு முறை தோளில் துடைத்துக்கொண்டார். அப்போதுதான் கவனித்தேன், அவருடைய கை மணிக்கட்டுக்கு மேலே வரை கன்னங்கரேலென்று இருந்தது.

"ஐயையோ சித்தப்பா, என்னால உங்க கையிலயும் ஒட்டிருச்சே!"

அவர் தேய்ப்பதை நிறுத்தினார்.

"ஆமாடா," என்றார். "ஒட்டிருச்சு."

பாவம், ஒரு நல்ல மனுஷனை அநியாயமாகக் கருங்காலி ஆக்கிவிட்டோமே என்று இரண்டு நாள் எனக்குக் கஞ்சி இறங்கவில்லை.