பாடாத வரியில் கேட்ட குரல்

வீட்டில் அவளைச் சின்னவள் என்பார்கள். ஞாயிறுதோறும் தொலைக்காட்சியில் பாடிய குடும்பக் குழுவில் அண்ணன், இரண்டு அக்காமார், கடைசியாக இவள். அக்காமாரின் குரல் மேலே ஏறும்போது அடியில் நின்று தாங்குவது இவள் குரல். பதினோரு வயதில் மேடை ஏறியவள். முப்பத்திரண்டில் தொண்டையில் சிறு கட்டி வந்து அறுவை சிகிச்சை செய்துகொண்டாள். இரண்டு மாதம் வாய் திறக்காமல் இருந்துவிட்டு மறுபடி வரிசையில் போய் நின்றாள்.

"பழைய குரல் அப்படியே இருக்கு," என்றான் அண்ணன்.

யாரையும் லேசில் மெச்சுகிற ஆள் இல்லை அவன். அன்றைக்கே அவளுக்கு உள்ளுக்குள் உறுத்தியது.

பிறகு எதைப் பார்த்தாலும் சந்தேகம்தான். ஒளிபரப்பில் தன் குரல் மூச்சு வாங்கும் இடம்கூட மாறியிருப்பதாக அவள் காதுக்குப் பட்டது. ஒலிப்பதிவு அறைக்குள் அவள் எட்டிப் பார்த்தால் பேச்சு நின்றுவிடும். அங்கே பொத்தான்களோடு மல்லுக்கட்டும் ஒலிப்பதிவாளர் திடீரென்று வானிலையைப் பற்றிப் பேசுவார். அண்ணி, அதாவது அண்ணன் மனைவி, வியாழக்கிழமை தவறாமல் தையல்காரரிடம் போவதாகச் சொல்லிக் கிளம்புவாள். புதுத் துணி ஒன்றும் வீட்டுக்கு வந்தபாடில்லை. குழந்தைகளோடு போட்டி போட்டு ஐஸ்கிரீம் தின்கிறவள், இப்போது வெந்நீர் குடிக்கிறாள். ஒருநாள் துணி மடித்துக்கொண்டே சின்னவளின் பகுதியை முணுமுணுத்தாள். ஒரு சுரம் பிசகவில்லை.

'என் இடத்துக்குக் குறி வைக்கிறாள்' என்று முடிவு கட்டினாள் சின்னவள்.

அடுத்த பதிவில் ஒரு காரியம் செய்தாள். மூன்றாவது பாட்டின் நடுவில் நான்கு வரிகளுக்கு உதட்டை மட்டும் அசைத்தாள். மூச்சுகூட விடவில்லை. யாரும் நிறுத்தச் சொல்லவில்லை.

ஞாயிற்றுக்கிழமை எல்லோரும் கூடத்தில் உட்கார்ந்து நிகழ்ச்சியைப் பார்த்தார்கள். அந்த நான்கு வரிகள் வந்தன. திரையில் அவள் உதடு அசைந்தது. அவள் பகுதியில் குரல் கணீரென்று ஒலித்தது.

யாரும் அவள் பக்கம் திரும்பவில்லை. அம்மா மட்டும் எழுந்து சமையலறைக்குப் போனாள்.

"அது யாரு குரல்?"

அண்ணன் தரையைப் பார்த்தான். "ஆபரேஷனுக்கு அப்புறம் உனக்குச் சுருதி நிக்கலை. சொன்னா நீ உடைஞ்சு போயிடுவேன்னு..."

"எத்தனை நாளா?"

"எட்டு மாசமா. வியாழக்கிழமை நான்தான் போய்ப் பாடிக் குடுத்தேன்," என்றாள் அண்ணி. அழுதுகொண்டிருந்தாள். "சத்தியமா உன் இடம் எனக்கு வேண்டாம்மா. கேமரா முன்னாடி நின்னா எனக்கு கைகால் உதறும்."

அண்ணன்மேல் வந்த கோபம்கூட அடங்கியிருக்கும். சமையலறைக்குப் போனபோதுதான் அவளுக்குத் தாளவில்லை.

"உனக்கும் தெரியுமாம்மா?"

"நீ சந்தோஷமா இருந்தே. அதை ஏன் கெடுக்கணும்னு இருந்துட்டேன்."

எட்டு மாதத்தில் வந்த பாராட்டுக் கடிதங்களை எடுத்துப் பார்த்தாள். ஒன்றையும் கிழிக்கவில்லை. கட்டாகக் கட்டி அண்ணியின் மேசையில் வைத்துவிட்டு, குழுவிலிருந்து விலகினாள்.

மூன்று வாரம் கழித்து ஒலிப்பதிவாளர் வீட்டுக்கு வந்தார். "அந்தக் குரல் மாத்தினது டிவி நிலையத்துல ஒருத்தருக்கும் தெரியலைம்மா. நீங்க மட்டும்தான் மோப்பம் பிடிச்சீங்க. அந்தக் காது எனக்கு வேணும்."

வேலைக்கு வரச் சொல்லத்தான் வந்தாரா, குற்ற உணர்ச்சியில் சொல்கிறாரா என்று அவளால் தீர்மானிக்க முடியவில்லை. ஒரு வாரம் யோசித்துவிட்டுப் போனாள். பாடகர்கள் எங்கே சுருதி விலகுகிறார்கள், எங்கே மூச்சு வாங்குகிறார்கள் என்று காதில் ஹெட்போன் மாட்டிக் கேட்டுச் சொல்லும் வேலை. முகத்துக்கு நேராகச் சொல்லிவிடுவாள். புண்படும் என்று ஒருவரிடமும் மறைத்ததில்லை. அதனாலேயே சிலர் அவளைக் கண்டால் ஒதுங்கினார்கள்.

அண்ணி கடைசியில் மேடை ஏறினாள், சின்னவளின் கட்டாயத்தால். "பாடுறது யாரோ, அவங்க முகம்தான் தெரியணும்," என்று ஒற்றைக்காலில் நின்றாள். முதல் பதிவில் அண்ணியின் முதல் வரி நடுங்கியது. கண்ணாடிக்கு இந்தப் பக்கம் ஒலிப்பதிவாளர் மெல்லக் கேட்டார்.

"இதை மட்டும் அப்புறமா வேற எடுத்து ஒட்டிடலாமா?"

"வேண்டாம். நடுங்கினது நடுங்கினதாவே போகட்டும்," என்றாள் சின்னவள்.