பேசி மாற்றிக்கொண்ட நிலம்

இரண்டு பேர் பேசி ஒரு முடிவுக்கு வந்து, அதில் ஒருவர் இறந்துபோனால், மிச்சமிருப்பவரிடம் இருப்பது முழுச் சொல்லா, பாதிச் சொல்லா? கிணற்றுக்காரர் இப்படியெல்லாம் கேட்டுக்கொள்கிற ஆள் இல்லை. ஆனாலும் அவருடைய கடைசி வருஷங்கள் எல்லாம் இந்தக் கேள்வியைச் சுற்றியே கழிந்தன.

அப்பா எழுதிவைத்த பாகப்படி பள்ளத்து வயல் அண்ணனுக்கு, மேட்டு நிலம் தம்பிக்கு. அண்ணன் லாரி ஓட்டியவர். லாரி நிறுத்த மேடுதான் தோதென்று அவருக்குப் பட்டது. ஒருநாள் காலை வரப்பில் நின்றபடி, "பள்ளத்த நீ வச்சுக்கடா, மேட்டை நான் எடுத்துக்கறேன்" என்றார். தம்பி சரி என்றார். அவ்வளவுதான். கூடப்பிறந்தவனிடம் கையெழுத்துக் கேட்பதை அவமானமாக நினைத்த வீடு அது. தம்பி பள்ளத்தில் பாறை உடைத்துக் கிணறு வெட்டினார். அதிலிருந்து எல்லோருக்கும் அவர் கிணற்றுக்காரர்தான்.

வரி ரசீது மட்டும் பழையபடியே வந்தது, மேட்டுக்குத் தம்பி பேரில், பள்ளத்துக்கு அண்ணன் பேரில். தன் பேரில் வந்ததை அவரவர் கட்டினார்கள். ஒழுங்காகக் கட்டுவதில் ஆபத்து இருக்குமென்று யார் கண்டது?

அண்ணன் போன பிறகு, வெளியூரில் வேலை பார்த்த அவர் மகன் பத்திரத்தைப் பிரித்துப் பார்த்தான். பள்ளம் அப்பா பேரில் இருந்தது. விற்க ஆள் பிடித்துவிட்டான்.

கிணற்றுக்காரர் வருவாய் அலுவலகத்துக்கு ஓடினார். யாருக்குச் சொந்தமென்று சொல்வது கோர்ட் வேலை என்றார்கள். கோர்ட்டுக்குப் போனால், அலுவலகத்திலிருந்து அளந்து அறிக்கை வரட்டும் என்றார்கள். அளவையர் வருவதற்குள் ஒரு விதைப்பும் அறுப்பும் முடிந்திருந்தது. வந்தவர் நல்ல மனுஷர். கிணற்றை எட்டிப் பார்த்துவிட்டு, "தண்ணி அருமையா இருக்கு ஐயா. ஆனா எங்க வரைபடத்துல இங்க கிணறே கிடையாது" என்றார்.

சாட்சி சொல்லும் நாளில் வரி ரசீதுகளைப் பையில் போட்டு எடுத்துப்போனார். ஒரு தவணைகூடத் தவறாதவன் என்பதை நீதிபதி பார்க்கட்டும் என்று நினைத்தார். எதிர்த்தரப்பு வக்கீல்தான் முதலில் கேட்டு வாங்கினார். மேடுதான் தன் நிலமென்று இத்தனை காலமும் இவரே ஒப்புக்கொண்டு வரி கட்டியிருக்கிறார் என்றார். கிணற்றுக்காரரின் வக்கீல் மூக்குக்கண்ணாடியைத் துடைக்க ஆரம்பித்தார்.

"அண்ணன் தம்பி ரெண்டு பேருக்கும் வாய் மட்டும்தான் இருந்துதா, கை இல்லையா?" என்றாள் மனைவி அன்று. அவர் சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தார்.

வழக்கு தள்ளுபடியானது. மேல்முறையீடு ஏதோ ஒரு அலமாரியில் கிடந்தது. இதற்குள் நிலம் வாங்க வந்தவன் அலுத்துப்போய் வேறிடம் பார்த்துக்கொண்டான். அண்ணன் மகனுக்கும் அலுத்துவிட்டது. ஒருநாள் போனில், "அலைஞ்சது போதும் சித்தப்பா. நீங்க மேட்டை எழுதிக் குடுங்க, நான் பள்ளத்தை எழுதிக் குடுத்துடறேன்" என்றான். மனைவி அழுதேவிட்டாள். இப்படி வலிய வருவது லட்சத்தில் ஒன்று என்றார் வக்கீல்.

பதிவு அலுவலகத்தின் நடைபாதையில், கால் ஆடுகிற மேசைமேல் காகிதங்களைப் பரப்பி, பத்திரம் எழுதுபவர் வாசித்துக் காட்டினார். இரு தரப்பாரும் இன்றைய தேதியில் தத்தம் நிலத்தை மாற்றிக்கொள்கிறார்கள் என்று அதில் இருந்தது.

"அண்ணன் அன்னிக்கே குடுத்துட்டாரே. அது எங்க வருது?" என்றார் கிணற்றுக்காரர்.

"அதெல்லாம் எழுத முடியாதுங்க. கோர்ட்டே இல்லைன்னுடுச்சே. கணக்குக்கு, நீங்க இன்னிக்குத்தான் மாத்திக்கிறீங்க."

"எப்ப குடுத்தா என்ன சித்தப்பா? கிணறு உங்களுக்குத்தானே வருது. போடுங்க" என்றான் அண்ணன் மகன். அவன் சொன்னதில் தப்பில்லை.

கிணற்றுக்காரர் பேனாவை வாங்கிச் சற்று நேரம் கையில் வைத்திருந்தார். பிறகு மூடிபோட்டு மேசைமேல் வைத்தார். பையை எடுத்துக்கொண்டு படியிறங்கிப் போய்விட்டார்.

பள்ளத்துக்கு வேலி வந்தது. கிணறு அதற்குள்ளே போனது. ஏன் கையெழுத்துப் போடவில்லை என்று வக்கீல் கேட்டார். கூடப் போயிருந்த மனைவி பஸ்ஸில் வரும்போதே கேட்டாள், அப்புறமும் பலமுறை கேட்டாள். அவர் யாருக்கும் சொல்லவில்லை.