எறியுமுன் ஒரு சொல்

“...சொல்லாமலே எறியட்டும் எண்டு போய்ச் சொல்லு, தம்பி. நான் ஹரோவுக்கும் போகேல்லை, ஒரு இடத்துக்கும் போகேல்லை. அது அவன்ர தொழில்.”

என் அக்கா இதைச் சொன்னது மாடிப்படிக்குக் கீழே இருந்த அலமாரிக்குள் இருந்து. லண்டன் லூயிஷாமில் நாங்கள் வாடகைக்கு இருந்த வீடு அது. அலமாரிக்குள் தூசி உறிஞ்சும் ஹூவர், மின்சார மீற்றர், பழைய சப்பாத்துகள், அவற்றுக்கு நடுவில் ஒரு தலையணை, ஒரு போத்தல் தண்ணீர், ஒரு டோர்ச். ஊரில் பங்கர் என்ற பதுங்குகுழிக்குள் எவை இருந்தனவோ அவை. நான் கதவைத் திறந்து பிடித்தபடி நின்றேன். பின்வளவில் கையில் பந்தோடு ஒருவன் என் பதிலுக்காகக் காத்துக்கொண்டு நின்றான்.

அவன் எங்கள் மேல்மாடிச் சின்ன அறையில் வாடகைக்கு இருந்த பிரேசில்காரன். தொண்ணூறுகளின் தொடக்கம். என்னோடு ஒரு ஹோட்டல் லோண்டரியில் வேலை செய்தான்.

“பிரேசில் எண்டால் பந்தை உதைக்கிற ஆக்கள் எல்லோ, இவன் என்ன கையால எறியிறான்?” என்று என் மனைவி முதல் கிழமையே கேட்டாள். அவள் கேட்டதில் பிழையில்லை. அவனுடைய முகம்கூட யப்பான்காரனின் முகம். அவன் குடும்பத்தார் யப்பானில் இருந்து கப்பலேறி, சாவ் பாவுலோவுக்கு அப்பால் தோட்ட வேலைக்குப் போனவர்களாம். போகும்போது பேஸ்போல் விளையாட்டையும் கொண்டு போய்விட்டார்கள். கிரிக்கெட்டுக்கு அது ஏதோ தூரத்துச் சொந்தம். பந்து நிலத்தில் குத்தாமல் நேரே அடிப்பவனிடம் போகும். அதை எறிபவனைப் பிட்சர் என்பார்கள். இவன் பிட்சர்.

ஒரு பெட்சீட்டை மடிக்க இரண்டு பேர் வேண்டும். ஆளுக்கு இரண்டு மூலை பிடித்து, கிட்ட வந்து, விலகி, மறுபடி கிட்ட வரவேண்டும். அப்படிக் கிட்ட வரும்போதெல்லாம் அவன் தன் கதையில் ஒரு துண்டு சொல்வான். அவனுடைய ஆங்கிலமும் என்னுடைய ஆங்கிலமும் அந்த லோண்டரியில்தான் நடை பழகின. ஆகவே பிசகு வரவில்லை. “அண்ணை,” என்பான், எங்கள் வீட்டில் கேட்டுப் பழகி. “இந்தத் தோள் என்னுடையது இல்லை. வாடகைத் தோள். வீட்டுக்காரன் எப்போது வந்து கேட்பான் என்று தெரியாது.” இப்படியான பேச்சுக்காகவே நான் அவனோடு ஷிப்ட் மாற்றி வேலை செய்திருக்கிறேன்.

இளவயதிலேயே யப்பானுக்குப் போனான். முதலில் ஒரு கம்பனி அணி, பிறகு சம்பளத்துக்கு எறிகிற பெரிய அணி. முதல் வருடம் அவன் பந்தை யாராலும் தொட ஏலவில்லையாம். அடுத்த வருடம் எல்லாரும் அடித்தார்கள். வேகம் குறையவில்லை, குறியும் தவறவில்லை. ஆனால் வேகப் பந்தா, மெதுவான பந்தா, எது வருகிறது என்பது அடிப்பவர்களுக்கு முன்கூட்டியே தெரிந்திருந்தது.

“என்னில் எதையோ வாசித்தார்கள், அண்ணை. புருவமோ, உதடோ, விரலோ. எறிகிறவன் தன் முகத்தில் ஒன்றையும் காட்டக்கூடாது. நான் எதையோ காட்டியிருக்கிறேன். என்னவென்று யாரும் எனக்குச் சொல்லவில்லை.”

வீடியோவைத் திருப்பித் திருப்பிப் போட்டுப் பார்த்தும் பயிற்சியாளர்களுக்குப் பிடிபடவில்லையாம். அணி அவனை விட்டுவிட்டது. பிரேசிலில் பேஸ்போலுக்குச் சம்பளம் தருவார் இல்லை. அவனுடைய அக்காக்காரி லண்டனில் ஒரு ரெஸ்ரோரண்டில் இருந்தபடியால் இங்கே வந்து சேர்ந்தான். ஆனாலும் அந்தக் கேள்வி அவனை விடவில்லை. எங்கள் வீட்டு நடையில் ஒரு நீளக் கண்ணாடி இருந்தது. சுருட்டிய கால்மேஸ் ஒன்றைக் கையில் பிடித்துக்கொண்டு, அதன் முன் நின்று மெதுவாக எறிவதுபோல் செய்வான். தன் முகத்தையே பார்த்துக்கொண்டு நிற்பான்.

“கண்ணாடியில பேய் பிடிக்கிறான்,” என்பாள் மனைவி. தோள் வீங்கினால் அவளுடைய ஐஸாய் உறைந்த பட்டாணிப் பொதியை எடுத்து வைத்துக்கொள்வான். “நான் அடுப்பில அவிக்கிறதை இவன் தோளில வைச்சு அவிக்கிறான்,” என்று அதற்கும் ஒன்று சொல்வாள். ஆனால் அடுத்த சனிக்கிழமை இரண்டு பொதி வாங்கி வருவாள்.

அந்த மாரிக் குளிருக்கு முன் அவனுக்கு ஒரு வாய்ப்பு வந்தது. வட இத்தாலியில் ஒரு சின்ன ஊரின் அணி, வசந்தத்தில் வா, எறிந்து காட்டு, பிடித்தால் எடுக்கிறோம் என்றது. வயது முப்பதை நெருங்கியிருந்தது. இதற்குப் பிறகு யாரும் கூப்பிடப்போவதில்லை என்று அவனுக்குத் தெரியும். பின்வளவுச் சுவரில் ஒரு பழைய மெத்தையைக் கட்டித் தொங்கவிட்டு, காலை ஷிப்ட் முடிந்து வந்ததும் வெளிச்சம் இருக்கும்வரை எறியத் தொடங்கினான். பந்து மெத்தையில் படும்போது தொம் என்று கேட்கும்.

அந்த நேரத்தில்தான் அக்கா கொழும்பில் இருந்து வந்து சேர்ந்தாள். புதிதாக ஒரு வீட்டுக்கு வருகிறவர்கள் பாத்ரூம் எங்கே என்று கேட்பார்கள். அக்கா வந்த அன்றே படிக்குக் கீழே இருந்த கதவைத் திறந்து பார்த்து, “இது கொங்கிறீற்றா, பலகையா?” என்று கேட்டாள். பலகை என்றேன். கதவை மூடினாள்.

அடுத்த நாள் பின்னேரம் தொம் என்ற சத்தம் கேட்டதும் நறுக்கிக்கொண்டிருந்த முட்டைக்கோவாவைப் போட்டுவிட்டு அந்த அலமாரிக்குள் போய்விட்டாள். கூட்டிக்கொண்டு போய் மெத்தையைக் காட்டினோம், பந்தைக் கையில் கொடுத்தோம். உருட்டிப் பார்த்தாள். “எனக்கு விளங்குது, தம்பி. காதுக்குத்தான் விளங்கேல்லை,” என்றாள். மறுநாளும் அலமாரிக்குள் போனாள். இருட்டிய பிறகும் வரவில்லை. அவன் எறிவதை நிறுத்தி நெடுநேரமாகியிருந்தது.

“முடிஞ்சுது அக்கா, வெளியில வாங்கோ.”

“எங்க முடிஞ்சது? போட்ட சத்தம்தான் கேட்டது. ஒண்டும் விழேல்லையே.”

அப்போதுதான் எனக்குப் புரிந்தது. ஆமி முகாமில் இருந்து ஷெல் கிளம்பும்போது தூரத்தில் தொம் என்று கேட்கும். பிறகு ஓர் இடைவெளி. பிறகுதான் அது எங்கேயாவது விழும். அவள் காதுக்கு இவனுடைய பந்து கிளம்புகிற சத்தம். ஒரு பின்னேரம் முழுவதும் கிளம்பிக்கொண்டே இருந்தன, ஒன்றுகூட இறங்கவில்லை. எல்லாம் லூயிஷாமுக்கு மேலே எங்கேயோ நிற்கின்றன. நான் ஊரைவிட்டு முன்னமே வந்தவன். இருந்தும் அன்று வாசலுக்குப் போய் ஒருமுறை வானத்தைப் பார்த்தேன்.

தன் புருஷன், எங்கள் அத்தான், போன விதத்தை அவள் எங்களுக்குச் சொன்னது ஒரே ஒருமுறை. அவர் கிணற்றடியில் தண்ணீர்ப் பம்பை ஓடவிட்டுக்கொண்டு நின்றார். பம்ப் இரைச்சலில் அவருக்கு ஒன்றும் கேட்கவில்லை. அடுக்களையில் நின்ற அக்காவுக்குத் தொம் கேட்டது. வெளியே ஓடி வந்து, “வருது, வருது” என்று கத்தினாள். அவர் தற்செயலாகத் திரும்பிப் பார்த்து, தேத்தண்ணிக்குக் கூப்பிடுகிறாள் என்று நினைத்து, கொஞ்சம் பொறு என்று கையைக் காட்டினார்.

அந்தக் கையோடு கதையை நிறுத்திவிட்டாள்.

பிரேசில்காரன், அறையைக் காலி செய்யட்டுமா என்று கேட்டான். வளவோடு அறை வேறெங்கும் அவனுக்குக் கிடைக்காது என்பது இரண்டு பேருக்கும் தெரியும். அக்காதான் வழி சொன்னாள். “எறியிறதுக்கு முன்னால வருது எண்டு சொல்லச் சொல்லு. சொல்லிப்போட்டு எறிஞ்சால் அந்தச் சத்தம் விழுந்த சத்தம். விழுந்தால் முடிஞ்சுது.”

அவன் அந்தச் சொல்லை நாக்கில் உருட்டிப் பழகினான். பிறகு அந்த மாரி முழுக்க எங்கள் பின்வளவில் ஒரு பிரேசில்காரன் “வருது” என்பான், தொம் என்று கேட்கும். “வருது,” தொம். அக்கா அடுப்படியில் நின்று சமைத்தாள். அவளுக்கு ஆறுதல்தான். எனக்கோ, தேத்தண்ணி குடித்துக்கொண்டிருக்கும்போது அந்தச் சொல் கேட்டால் கோப்பை கையில் அப்படியே நிற்கும். மனைவியும் வாக்கியத்தை நடுவில் விட்டுவிட்டு நிற்பாள். தொம் கேட்டபின்தான் இருவரும் விட்ட இடத்தில் தொடங்குவோம்.

இத்தாலிக்குப் போக இன்னும் சில நாள் இருக்கும்போது, பெட்சீட்டின் மறுமூலையில் அவன் முகம் வெளிறியிருந்தது. “அண்ணை, நேற்று வாயை மூடிக்கொண்டு கண்ணாடியில் பார்த்தேன். கை மேலே போகும்போது உதடு தானாக அசைகிறது. அந்தச் சொல்லுக்காக மூச்சு நிற்கிறது, வேகப் பந்துக்கு ஒரு கணம், மெதுவான பந்துக்கு இன்னும் கொஞ்சம். அடிக்கிறவனுக்கு அது போதும். இனிச் சொல்லாமல் எறிந்து பழகவேண்டும். இல்லாவிட்டால் யப்பான்தான் மறுபடி.”

அன்று பின்னேரம் என்னைக் கேட்காமலே ஒரு பந்தைச் சொல்லாமல் எறிந்து பார்த்தான். ஒரே ஒரு தொம். குசினியில் கரண்டி விழுந்தது, அலமாரிக் கதவு மூடிக்கொண்டது. நான் போய்க் கதவைத் திறந்து, ஹரோவில் மச்சாள் வீட்டில் கொஞ்ச நாள் இருந்துவிட்டு வாங்கோ என்றேன். ஏன் என்று கேட்டாள். யப்பானில் அவனை வாசித்த கதையையும் உதடு அசைகிற கதையையும் சொன்னேன். மீற்றரைப் பார்த்தபடி கேட்டுக்கொண்டிருந்தாள்.

அவன் பிறகு இத்தாலிக்குப் போனதும், அங்கே அவனை எடுத்ததும், இரண்டு கோடை எறிந்தபின் வீட்டுக்காரன் வந்து தோளைக் கேட்டுவிட்டான் என்று சிரித்ததும் தொலைபேசியில் வந்த செய்திகள். நான் கண்ணால் கண்டது இதுதான்.

போகமாட்டேன், சொல்லாமலே எறியட்டும் என்று சொல்லிவிட்டு அக்கா அலமாரியை விட்டு வெளியே வந்தாள். தலையணையையும் தண்ணீரையும் அங்கேயே விட்டாள். குசினிக் கதிரை ஒன்றைத் தூக்கிக்கொண்டு போய், அவனுடைய வலக்கை தெரிகிற பக்கமாகப் பின்கதவடியில் போட்டு, மனைவியின் குளிர்க்கோட்டைப் போர்த்துக்கொண்டு இருந்தாள். அவன் என்னைப் பார்த்தான். நான் தலையாட்டினேன். உதட்டை இறுக்கி மூடிக்கொண்டு காலைத் தூக்கினான். கை பின்னால் போய் மேலே வந்தபோது, அக்கா மடியில் இரண்டு கையையும் பொத்திப் பிடித்தபடி, எங்களில் ஒருவருக்கும் என்றில்லாமல், “வருது” என்றாள்.