அவர் பீரோவில் எங்கள் கிணற்றுக் கடிதம்

முதலிலேயே ஒத்துக்கொள்கிறேன், இந்தக் கஷ்டத்தை எங்கள் குடியிருப்புக்குள் இழுத்து வந்தவன் நான்தான்.

மேடவாக்கத்தில் இருபத்துநான்கு வீடுகள் கொண்ட அடுக்குமாடி எங்களுடையது. சங்கச் செயலாளராக என்னைப் போட்ட இரண்டாவது வாரமே எனக்கு வேகம் வந்துவிட்டது. காம்பவுண்டுக்கு அந்தப் பக்கம் ஏழுமலை ஐயாவின் கிணறு. ஒரு காலத்தில் நெல்லுக்குப் பாய்ந்த தண்ணீர், இப்போது நாள் முழுக்க லாரிகளில் விற்பனைக்குப் போனது. அனுமதி கிடையாது. எங்கள் போர்வெல்லில் நீர்மட்டம் இறங்கிக்கொண்டே இருந்தது. வரைபடம், பதினோரு புகைப்படங்கள் எல்லாம் இணைத்துத் தாலுகா அலுவலகத்தில் மனு போட்டேன்.

அதிகாரி வந்தார். ஐயாவின் மோட்டாருக்குச் சீல் வைத்தார். நான் மனதுக்குள் அல்லேலூயா சொல்லி முடிப்பதற்குள், என் புகைப்படங்களில் ஒன்றை எடுத்துப் பார்த்தார்.

"சார், இந்த ஓரத்துல தெரியுற மோட்டார் ரூம் யாரோடது?"

"எங்களோடதுதான் சார்."

"அந்த போருக்கு பெர்மிஷன் லெட்டர் இருக்கா?"

இல்லை. மனு போடும் அவசரத்தில் அதை நான் யோசிக்கவே இல்லை. குடியிருப்பின் பெயரில் தேடினார்கள், பதிவேட்டில் ஒன்றும் கிடைக்கவில்லை. கட்டிய பில்டர் அலுவலகத்தையே மூடிவிட்டுப் போயிருந்தார். எங்கள் போருக்கும் சீல் விழுந்தது. வெள்ளிக்கிழமை விசாரணை. கடிதம் காட்டாவிட்டால் நிரந்தரமாக மூடிவிடுவார்கள்.

லிஃப்டில் ஏறினாலே, "செகரட்டரி சார், குளிச்சிட்டீங்களா?" என்று கேட்டார்கள். அம்மா குடத்தோடு வரிசையில் நின்றார். வறண்ட குழாயைப் பிடித்துக்கொண்டு அழுதேன்.

புதன்கிழமை வீட்டு ஜெபக்கூட்டத்தில் சத்தமாக ஜெபித்தேன். ஏழுமலை ஐயா வெட்கப்பட வேண்டும், எங்கள் போர் திறக்க வேண்டும். முடிந்ததும் கூட்டத்தை நடத்தும் ஸ்டெல்லா அக்கா சிரித்தார். பள்ளி ஆசிரியை, கணக்காய்ப் பேசுவார்.

"தம்பி, அவர் பேரை ஆறு தடவை சொன்ன. ஒரு தடவைகூட அவருக்காகச் சொல்லலையே. அவர் வீட்லயும்தானே தண்ணி இல்ல?"

அன்றிரவு நீளமாக ஜெபிக்கவில்லை. 'ஆண்டவரே, நான் போகிறேன், நீர் கூட வாரும்' என்று மட்டும் சொன்னேன். வியாழன் காலையில் அவர் வாசலில் நின்றேன். கதவைத் தட்டினேன், அவரே திறந்தார்.

"இன்னா தம்பி, இன்னொரு போட்டோ எடுக்க வந்துகீறியா?"

"இல்லைங்கய்யா. மன்னிப்பு கேட்க வந்தேன். நேர்ல ஒரு வார்த்தை பேசாம மனு போட்டுட்டேன். எங்க போருக்கே லெட்டர் இல்லாம…"

"லெட்டர் இல்லையா? எவன் சொன்னான்? உங்க பில்டருக்கு நெலத்த வித்ததே நான்தான், அப்ப அது என் பேர்ல இருந்துச்சு. போர் போட பெர்மிஷன் என் பேர்லதானே வாங்குனாங்க!"

பீரோவைத் திறந்தார். பத்திரங்களுக்கு நடுவே, பிளாஸ்டிக் உறைக்குள், முத்திரையோடு இருந்தது அந்தக் கடிதம். நாங்கள் குடியிருப்பின் பெயரில் தேடியதை ஆண்டவர் அவர் பெயரில் பத்திரமாக வைத்திருந்தார்.

"ஐயா, உங்க கேஸ்…"

"லாரி வுட்டது என் தப்பு. அத்த நான் பாத்துக்கிறேன். அத்தினி வூட்டுப் பசங்க குளிக்காம ஸ்கூலுக்குப் போவுதுங்க, நீ மொதல்ல இத்த எடுத்துனு ஓடு!"

ஓடினேன். வெள்ளிக்கிழமை எங்கள் போரின் சீல் அகற்றப்பட்டது. குழாய் இருமி, காற்றைத் துப்பி, பிறகு தண்ணீராகக் கொட்டியபோது மாடிக்கு மாடி கைதட்டல். அம்மா நைட்டியோடு நனைந்துகொண்டே ஸ்தோத்திரம் சொன்னார்.

ஐயா லாரி விற்பனையை நிறுத்திவிட்டார்; அதன்பின் அவர் மோட்டாரின் சீலும் அகற்றப்பட்டது. நாங்களும் சும்மா இருக்கவில்லை. எங்கள் மொட்டைமாடி மழைநீரைக் குழாய் வைத்து, வடிகட்டி, அவர் கிணற்றுக்குள் விட்டோம். முதல் மழையன்று குடையோடு கிணற்றடியில் நின்று கத்தினார்: "தம்பி! உன் மாடித் தண்ணி வந்துகினு கீது, ஓடியா!"

இப்போது மனு எழுதும் முன் கதவைத் தட்டுகிறேன். அவருக்காகவும் தினமும் ஜெபிக்கிறேன். உங்கள் ஜெபத்தில் ஒரு பெயர் கோபமாகவே வந்துகொண்டிருந்தால், ஆண்டவரை நம்பி ஒருமுறை அந்த வீட்டுக்குப் போய்வாருங்கள். எனக்கான பதிலை அவர் அங்கேதான் வைத்திருந்தார்.