ராஜாவுக்கு முதுகைக் காட்டியவர்கள்

பழைய ராஜ்ஜியங்களைப் பற்றி வாராவாரம் டிவியில் ஒரு தொடர் ஓடியது. ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் ஆறு மணி ஆனால், என் கணவர் வலையைப் போட்டது போட்டபடி விட்டுவிட்டு அதன் முன்னால் உட்கார்ந்துவிடுவார். பல்லவர், பாண்டியர், கலிங்கத்தார் என்று ஒருத்தரையும் விட்டுவைக்கவில்லை. ரேஷன் கார்டு எங்கே என்று கேட்டால் முழிப்பார். பாண்டியருக்குக் குதிரை எங்கிருந்து வந்தது என்று கேட்டால் மளமளவென்று சொல்வார்.

அந்தத் தொடரை எடுப்பவர்களே ஒருநாள் எங்கள் முகத்துவாரக்குப்பத்தில் வந்து இறங்கினார்கள். சோழர் படை கடலுக்குக் கிளம்பும் காட்சிக்குத் துடுப்பு போட எட்டுப் பேர் வேண்டுமாம். இவர் முதல் ஆளாகப் போய் நின்றார். கடலிலேயே வாழ்ந்து செத்த அவருடைய அப்பாவுக்கு ஒரு போட்டோகூடக் கிடையாது. திதி நாளில் மாலை போடப் படமில்லாமல் விளக்கை மட்டும் ஏற்றுவோம். "என் மூஞ்சியாவது ஒரு தபா டிவில வரட்டுமே" என்று மீசைக்கு மை அடித்துக்கொண்டார். நான் சிரித்தேன். ஆனால் அவர் விளையாட்டுக்குச் சொல்லவில்லை என்று எனக்குத் தெரியும்.

அனல்மின் நிலையத்துப் புகைபோக்கி தெரியாதபடி கேமராவைத் திருப்பி வைத்தார்கள். கரையில் கிரீடத்தோடு ராஜா. மரப்படகில் தலைப்பாகை கட்டிய எட்டுப் பேர். முகத்துவாரத்தைத் தாண்டும்போது எல்லோரும் ராஜாவைத் திரும்பிப் பார்த்துக் கும்பிட வேண்டும்.

மூன்று தடவை போனார்கள். ஒருத்தர்கூடத் திரும்பவில்லை. ஆறும் கடலும் முட்டிக்கொள்ளும் அந்த இடத்தில் அலை எந்தப் பக்கம் எழும் என்று சொல்ல முடியாது. அங்கே கரையைத் திரும்பிப் பார்க்கிற பழக்கம் எங்கள் ஆட்களுக்குக் கிடையாது.

"ராஜாவுக்கு முதுகைக் காட்டினா தலை போயிடும்யா!" என்று டைரக்டர் எரிந்து விழுந்தார்.

"தல போவட்டும் சார். திரும்புனா படகே பூடும்" என்றார் இவர்.

"திரும்பலைன்னா உங்க மூஞ்சி ஒண்ணுகூட வராது. அப்புறம் என்னைக் கேக்காதீங்க."

இவர் அந்த மூஞ்சிக்காகத்தானே வந்தார்! நாலாவது தடவையும் திரும்பவில்லை. கூட வந்திருந்த சரித்திரப் பேராசிரியை அம்மாதான் குறுக்கே வந்து, "விடுங்க சார், அன்னைக்கும் இப்படித்தான் போயிருப்பாங்க" என்றார்.

அந்தக் காட்சி வந்த ஞாயிற்றுக்கிழமை, பாதிக் குப்பம் எங்கள் வீட்டில் இருந்தது. ராஜாக்கள் பேர் கல்வெட்டில் இருக்கிறது, துடுப்பு போட்டவர்கள் பேர் இல்லை என்று டிவியில் பின்னணிக் குரல் சொன்னது. பிறகு குரலும் நின்றது. எட்டு முதுகுகள். எதிரே சுவர் மாதிரி எழுந்த அலை. தினமும் மீன் கழுவுகிற தண்ணீரா இது? இந்த அலையைத் தாண்டியா ஆட்கள் தேசம் தேசமாகப் போனார்கள்? அவர்களும் உப்பு பூத்த தோளோடு, துணி துவைக்க ஒருத்தி இருந்த மனுஷர்கள்தானே? கையெடுத்துக் கும்பிட வேண்டும் போல இருந்தது.

"இதுல நீ யாரு மாமு? மூஞ்சியே தெர்லியே" என்றார் பக்கத்து வீட்டுக்காரர்.

இவர் திரையை உற்றுப் பார்த்தார். எட்டில் எது தன் முதுகு என்று அவருக்கே தெரியவில்லை. தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டார்.

நான் எழுந்து போய் இடப்பக்கம் மூன்றாவது முதுகைத் தொட்டுக் காட்டினேன்.

"எப்டி கண்டுகின?"

"நீ முகத்துவாரம் தாண்டற வரிக்கும் தெனம் நான் கரையிலதான நின்னுகினு கீறேன்."

கல்யாணமான நாளிலிருந்து நிற்கிறேன். அவருக்கு அது அன்றைக்குத்தான் தெரிந்தது.