தெருவுக்கே ஒரு நம்பர்

போன் நம்பருக்கு மாதாமாதம் காசு போட்டுக்கொண்டே இருக்க வேண்டும், போடாவிட்டால் அது செத்துப்போகும், செத்த நம்பரை எடுத்து வேறு யாருக்காவது கொடுத்துவிடுவார்கள் என்று எங்கள் தெருவில் யாருக்கும் யாரும் சொல்லவில்லை. இப்போது கேட்டால், "இதுகூடத் தெரியாதா?" என்கிறார்கள். தெரியாது. தெரிந்திருக்க வேண்டும் என்று நினைக்கிறவர்கள் ஒரு நாள் வந்து சொல்லியிருக்கலாம். ஓட்டுக் கேட்க வரும்போது மட்டும் எங்கள் தெருவுக்கு வழி தெரிகிறதே.

எங்கள் தெரு கச்சிராயபாளையத்தைத் தாண்டி, கல்வராயன் மலை ஏறுகிற ரோட்டோரம் இருக்கிறது. யாருக்கும் நிலம் கிடையாது. கரும்பு வெட்டுதான் பிழைப்பு. சித்தப்பா வெட்டு ஆட்களுக்கு மேஸ்திரி. நிலத்துக்காரர்கள் ஆள் கேட்டுக் கூப்பிடுவார்கள் என்பதால் தெருவில் முதலில் போன் வாங்கியவர் அவர்தான். அடையாள அட்டைக்கு முகாம் போட்டபோது, நம்பர் சொல்லு என்று கேட்டவர்களிடம் எல்லோரும் சித்தப்பா நம்பரைச் சொன்னார்கள். பேங்குக்கும் அதுதான், கேஸ் சிலிண்டருக்கும் அதுதான். ஒரு தெருவே வரிசையில் நின்று ஒரே நம்பரைச் சொல்கிறதே என்று டைப் அடித்தவர் தலை தூக்கிப் பார்க்கவில்லை. மெசேஜ் வந்தால் சித்தப்பா தெருமுனையில் நின்று கத்துவார்: "யாருதுடா இது? கேஸு வருதாம்!" எங்களுக்கு அது வசதியாகத்தான் இருந்தது. ஒளித்துவைக்க எங்களிடம் என்ன இருந்தது?

பிறகு வீட்டுக்கொரு போன் வந்தது. கரும்பு வெட்டு இல்லாத மாதங்களில் சித்தப்பா அந்த சிம்முக்குக் காசு போடாமல் விட்டார், அப்புறம் வேறு கம்பெனிக்கு மாறினார். பழைய நம்பரை எல்லோரும் மறந்துபோனோம். ரேஷன் கடையில் விரல் வைத்தால் அரிசி போட்டார்கள், நம்பரைக் கேட்கவில்லை. அட்டைக்குள் மட்டும் அது அப்படியே உட்கார்ந்திருந்தது.

என் தங்கச்சி பிளஸ் டூ முடித்தாள். நர்சிங் படிக்க வேண்டும் என்பது அவளுடைய பிடிவாதம். சர்க்கார் காலேஜில் சீட்டு கிடைத்தால் படிப்பு, இல்லாவிட்டால் திருப்பூர் பனியன் கம்பெனி. வீட்டில் பேச்சு அவ்வளவுதான். கள்ளக்குறிச்சி பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் ஒரு கம்ப்யூட்டர் சென்டரில் விண்ணப்பம் போட்டோம். அட்டை எண்ணை அடித்ததும் பெயர், முகவரி, போன் நம்பர் எல்லாம் தானாக வந்து விழுந்தன. "எல்லாமே ஆட்டோமேட்டிக்" என்று சென்டர்க்காரர், தானே கண்டுபிடித்த மாதிரி சொன்னார். பாஸ்வேர்டையும் அவரே போட்டார். கம்ப்யூட்டர் அவர் பக்கம் பார்த்திருந்தது. நாங்கள் அதன் முதுகைப் பார்த்துக்கொண்டு நின்றோம்.

சீட்டு கிடைத்தால் மெசேஜ் வரும் என்று அதிலிருந்து தங்கச்சி போனைக் கையை விட்டுக் கீழே வைக்கவில்லை. குளிக்கப் போனால்கூட என்னிடம் கொடுத்து, "பாத்துக்கினே இரு அக்கா" என்று சொல்லிவிட்டுத்தான் போவாள். எதுவும் வரவில்லை. மற்ற பிள்ளைகளுக்கு வந்துவிட்டது என்று தெரிந்த அன்றைக்கு அப்பா, "ராவெல்லாம் லைட்டப் போட்டுக்கினு இன்னாத்த படிச்ச நீ?" என்று ஒரே ஒரு முறை கேட்டார். அப்புறம் அவளோடு பேசுவதையே நிறுத்திவிட்டார். அவள் தின்னும் சோற்றைக்கூடக் குறைத்துக்கொண்டாள். பனியன் கம்பெனிக்கு ஆள் பிடிக்கிறவர் வீட்டுக்கே வந்து காபி குடித்துவிட்டுப் போனார்.

அப்புறம் அவளோடு படித்த பெண் ஒருத்தி லட்டு கொண்டுவந்தாள். அவளுக்கு இவளைவிட மார்க் கம்மி. அவளுக்கே சீட்டு என்றால் இவளுக்கு எப்படி இல்லாமல் போகும் என்று எனக்கு அப்போதுதான் பொறி தட்டியது. தங்கச்சியை இழுத்துக்கொண்டு மறுபடியும் சென்டருக்குப் போனேன்.

சென்டர்க்காரருக்குப் பாஸ்வேர்டு ஞாபகமில்லை. மறந்துவிட்டது என்று அழுத்தினால் நம்பருக்கு ஓடிபி போகும் என்றார். போயிற்று. எங்கள் போன் சத்தம் போடவில்லை. திரையில் நட்சத்திரம் நட்சத்திரமாகப் போட்டு, கடைசியில் மட்டும் சில எண்களைக் காட்டியது. தங்கச்சி எட்டிப் பார்த்தாள்.

"அக்கா, இது சித்தப்பாவோட பழைய நம்பரு."

என் போனில் இன்னும் பதிந்து கிடந்த அந்த நம்பருக்கு நானே போன் போட்டேன். ஈரோட்டுப் பக்கம் ஒருவர் எடுத்தார். விஷயத்தைச் சொல்லி ஓடிபியைக் கேட்டேன். "ஓடிபியை யாருக்கும் சொல்லக் கூடாதுன்னு அதுலயே போட்டிருக்குதுங்களே" என்றார். கெஞ்சினேன், அப்புறம் கத்தினேன். அவர் கட் பண்ணப் போகிறார் என்று தெரிந்ததும் தங்கச்சி என் கையிலிருந்து போனைப் பிடுங்கி, எல்லோரும் கேட்கும்படி ஸ்பீக்கரில் போட்டாள்.

"அண்ணா, ஓடிபி வேணாங்க. நர்சிங் காலேஜுன்னு எதுனா மெசேஜ் வந்துச்சாங்க? அத மட்டும் சொல்லுங்க."

அவர் கட் பண்ணவில்லை.

"வந்துச்சுங்க. போன வாரம். கங்கிராஜுலேசன்னு ஆரம்பிச்சுதுங்க. அப்படி ஆரம்பிச்சா ஏமாத்து வேலைன்னு எம் பையன் சொல்லியிருக்கானுங்க. அழிச்சுப்போட்டனுங்க. இந்த நம்பருக்கு யார் யாருக்கோ வருதுங்க, எல்லாத்தையும் அழிச்சுட்டுத்தான் இருக்கறனுங்க."

அதற்கப்புறம் ஓடிபியை அவரே சொன்னார், இரண்டு தடவை, நிறுத்தி நிறுத்தி. திரை திறந்தது. தங்கச்சியின் பெயர், காலேஜின் பெயர், சீட்டு ஒதுக்கப்பட்டது என்று இருந்தது. அதற்குக் கீழே, குறித்த தேதிக்குள் ஏற்றுக்கொள்ளாததால் ரத்து என்று சிவப்பில் இருந்தது.

"மன்னிச்சுக்கம்மா" என்றார் அந்த ஈரோட்டுக்காரர். "பரவால்லீங்கண்ணா" என்றாள் இவள். இவளை ஓங்கி ஒன்று விடலாமா என்று எனக்குக் கை பரபரத்தது. என்னடி பரவாயில்லை? எது பரவாயில்லை? ஆனால் அந்த ஆள் மேல் எனக்குக் கோபம் வரவில்லை. ஏமாறக் கூடாது என்று அவருக்குச் சொல்லிக்கொடுத்தார்கள், அவர் ஏமாறவில்லை. எங்கள் நம்பரை விற்றவன் எங்களிடம் கேட்கவில்லை. வாங்கியவருக்கு அது எங்களுடையது என்று தெரியாது. சீட்டு கொடுத்தவர்களுக்கு அவள் ஏன் வரவில்லை என்று கேட்க ஒரு தபால் கார்டு போடத் தோன்றவில்லை. உதவி எண்ணுக்குக் கூப்பிட்டால் ஒன்றை அழுத்து, இரண்டை அழுத்து என்று ஒரு பொம்பளைக் குரல் சிரிக்கச் சிரிக்கச் சொல்கிறது. கடைசியில் ஒரு மனுஷன் கிடைத்தான். "மெசேஜ் அனுப்பிட்டோமே, மேடம். டெலிவர்டுன்னு காட்டுதே" என்றான். நான் அவனைத் திட்டிய திட்டில் சென்டரில் இருந்தவர்கள் எல்லாம் எழுந்து நின்றார்கள். அவன் போனை வைத்துவிட்டான். மறுபடி போட்டால் திரும்ப ஒன்றிலிருந்து அழுத்தச் சொன்னது.

டவுன் பஸ்ஸில் தங்கச்சி ஜன்னலோரம் உட்கார்ந்து வந்தாள். நாளைக்கு எங்கே போய்ச் சண்டை போடலாம், கலெக்டரிடம் மனு கொடுக்கலாமா என்று நானே பேசிக்கொண்டு வந்தேன். அவள் எதையும் காதில் வாங்கவில்லை. ஊர் வரப்போகும்போது என் கையைப் பிடித்தாள்.

"அக்கா, எனக்கு சீட்டு கெடச்சுது இல்ல?"

"கெடச்சுதுடி."

"வூட்டுக்குப் போனதும் அப்பாகிட்ட அத மொதல்ல சொல்லுக்கா."