வேலுச்சாமி கேட்காத வாய்தா

அன்று காலை நான் வாய்தா கேட்க எழுந்து நின்றிருந்தேன். குமாஸ்தா பின்னாலிருந்து கோட்டைப் பிடித்து இழுத்து, “வேலுச்சாமி சார் போயிட்டாருங்க. நெஞ்சு வலியாமாங்க” என்றார். என்ன காரணம் என்று நீதிபதி கேட்டார். சக வழக்கறிஞர் காலமாகிவிட்டார் என்றேன். உடனே கிடைத்தது. தன் தொழிலில் ஒருமுறைகூட வெறும் வாய்தா வாங்காத மனிதர், போகிற போக்கில் எனக்கு ஒன்று வாங்கிக் கொடுத்துவிட்டுப் போனார்.

வீரபாண்டியில் அவர் வீட்டுத் தெருமுனை வரை அவரிடம் வழக்குக் கொடுத்த கட்சிக்காரர்கள் நின்றிருந்தார்கள். பனியன் கம்பெனியில் அரை நாள் லீவு சொல்லிவிட்டு வந்த பெண்கள்கூட இருந்தார்கள். நான் செத்தால் இதில் பாதியாவது வருமா என்று மனம் கணக்குப் போட்டது. எங்கள் இருவரையும் அறிந்த சக வக்கீல்களான உங்களிடம் மறைக்க என்ன இருக்கிறது? வேலுச்சாமியைக் கண்டால் எனக்கு வயிறு எரியும்.

பெருமாநல்லூர் ராமாத்தாளின் வண்டித்தட வழக்கை ஒன்பது வருடம் நடத்தியவன் நான். அவர் தோட்டத்து வீட்டுக்குப் போகும் தடத்தைப் பக்கத்துக் கம்பெனி சுவர் வைத்து அடைத்துவிட்டது. அந்த அம்மா அடுத்தவர் வரப்பில் நடந்துதான் தன் வீட்டுக்குப் போனார். எதிர்த்தரப்பு வக்கீல் என் நெருங்கிய நண்பர். அவர் வாய்தா கேட்டால் நான் ‘ஆட்சேபணை இல்லை’ என்பேன். நான் கேட்டால் அவர் சொல்வார். நம் வக்கீல் சங்கத்தில் இதற்கு மரியாதை என்று பெயர்.

“ஏனுங்க, நான் கண்ண மூடறதுக்குள்ள என்ற தடத்துல நடந்து போவனுங்களா?” என்று கேட்டுக் கேட்டுச் சலித்த ராமாத்தாள், வேலுச்சாமியிடம் போய்விட்டார். வக்காலத்து மாற நான் சம்மதக் கையெழுத்துப் போட வேண்டும். அதற்காக மூன்று முறை வந்த வேலுச்சாமியை, வழக்குக் கட்டைக் காணோம் என்று குமாஸ்தாவை விட்டுச் சொல்லித் திருப்பி அனுப்பினேன். கட்டு என் மேசைக்கு அடியில்தான் இருந்தது. நாலாவது முறை, “கட்டு கெடைக்கறப்பக் கெடைக்கட்டுங்ண்ணா. நான் கோர்ட்டுல நகல் வாங்கிக்கறேன். கையெழுத்து மட்டும் போடுங்க” என்றார். போட்டேன்.

அவர் நேரே உயர் நீதிமன்றம் போனார். ஆறு மாதத்தில் வழக்கை முடிக்க வேண்டும் என்று கீழ்க்கோர்ட்டுக்கு உத்தரவு வந்தது. சங்க அறையில் எல்லார் முன்னாலும், “நம்ம கோர்ட்டையே மேல காட்டிக் குடுத்துட்டீங்களே தம்பி” என்று கத்தினேன். அவர் டீ டம்ளரைக் கீழே வைத்தார். “வாய்தாவ நாம கேக்கறமுங்ண்ணா. காத்துக் கெடக்கறது அவிங்க” என்றார். பிறகு டீயைக் குடித்து முடித்தார்.

மனுவில் என்னைத் தாறுமாறாக எழுதியிருப்பார், பிடித்துக்கொள்ளலாம் என்று நகல் வாங்கிப் படித்தேன். ஒன்பது வருடத் தாமதத்துக்கு ‘நீதிமன்றப் பணிச்சுமை’ என்று ஒரே வரி. என் பெயரே இல்லை. திட்டியிருந்தால்கூட நிம்மதியாக இருந்திருக்கும். ஐந்தாம் மாதமே ராமாத்தாளுக்குச் சாதகமாகத் தீர்ப்பு வந்தது. கம்பெனிக்காரர் மேல்முறையீடு செய்து தடை வாங்கியதால் சுவர் மட்டும் இடிபடவில்லை.

வேலுச்சாமியின் காரியம் முடிந்த மறுநாள் ராமாத்தாள் என் ஆபீசுக்கு வந்தார். “தனக்கு ஏதாச்சும் ஆச்சுன்னா உங்ககிட்டயே போவச் சொன்னாருங்க சாமி. இந்தக் கேசு உங்களுக்குத்தான் அத்துப்படின்னாரு.”

போன வாரம் கம்பெனியின் அப்பீல் விசாரணைக்கு வந்தது. எதிர்த்தரப்பு நண்பர் வழக்கம்போல வாய்தா கேட்டுவிட்டு என் பக்கம் திரும்பினார். “ஆட்சேபணை உண்டு” என்றேன். என் குரல் எனக்கே புதிதாகக் கேட்டது. நீதிபதி வாய்தா தரவில்லை; அன்றே வாதம் முடிந்தது. நண்பர் என்னோடு பேசாமல் வெளியேறினார். வாசலில் ராமாத்தாள் கைகூப்பினார். “அவரு இருந்திருந்தாலும் இப்பிடித்தானுங்க சொல்லியிருப்பாரு.”

எனக்கென்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். வேலுச்சாமியிடமிருந்து நான் வைத்துக்கொண்டிருப்பது ராமாத்தாளின் வழக்கும், அன்று என் வாயில் வந்த அந்த இரண்டு சொல்லும், போகாத பொறாமையும்தான். மாதக் கடைசியில் தீர்ப்பு. சுவர் விழுந்து அந்த அம்மா தன் தடத்தில் கால் வைக்கும்போது முதலில் என்னை நினைக்க வேண்டும் என்று ஆசையாக இருக்கிறது. நினைக்க மாட்டார்.